பல்தஸார் படத்துப் பெண் அப்புறம் என்ன ஆனாள்? – ஆன் வியாசெம்ஸ்கி பற்றி ஓர் இழை

ஓட்டைக்கேமரா (இழையைத் தொடங்கியவர்) | வெள்ளி இரவு 10:40

போன வாரம் பிரெஞ்சு இயக்குநர் ரொபேர் ப்ரெஸ்ஸோன் பற்றிய இழையில் ஒருவர் கேட்டிருந்தார்: “பல்தஸார் படத்தில் வருகிற அந்தப் பெண் அப்புறம் என்ன ஆனாள்?” யாரும் பதில் சொல்லவில்லை. நாம்தான் வழக்கம்போல அந்தப் படத்தின் நாயகனான கழுதையின் கண்களைப் பற்றியே மூன்று பக்கம் எழுதித் தீர்த்துவிட்டோமே. அதனால் அந்தப் பெண்ணுக்கென்று தனியாக ஓர் இழை.

பெயர் ஆன் வியாசெம்ஸ்கி. 1947 மே 14 அன்று பெர்லினில் பிறந்தார். போர் முடிந்த கையோடு செஞ்சிலுவைச் சங்க வேலையாக பெர்லினுக்குப் போயிருந்த க்ளேர் மோரியாக்தான் அம்மா. ரஷ்யப் புரட்சியில் எல்லாவற்றையும் இழந்து பிரான்சுக்கு வந்த இளவரசர் குடும்பத்துப் பிள்ளை அப்பா. அம்மாவழித் தாத்தா பிரான்சுவா மோரியாக், 1952ல் இலக்கிய நோபல் பெற்றவர். அப்பாவுக்குத் தூதரக வேலை என்பதால் ஜெனீவா, காரகாஸ் என்று ஊர் ஊராகக் குழந்தைப் பருவம். 1962ல் அப்பா இறந்துவிட, அதன்பின் பாரிஸில் தாத்தாவின் பொறுப்பில் வளர்ந்தார்.

1965ல் பள்ளிப்படிப்பு முடியாத நிலையில் ப்ரெஸ்ஸோன் முன்னால் போய் நிற்கிறார். அழைத்துப் போனவர் ஃப்ளோரான்ஸ் டுலே. அவரும் ப்ரெஸ்ஸோனின் பழைய நடிகைதான், 1962ல் வந்த ஜோன் ஆஃப் ஆர்க் படத்தில் ஜோனாக நடித்தவர். (நடிகை என்று சொன்னால் ப்ரெஸ்ஸோனுக்குக் கோபம் வரும். அவர் அகராதியில் எல்லோரும் ‘மாடல்’கள்.) அன்றைக்குப் பிரான்சில் 21 வயது நிரம்பாதவர் மைனர். ஆக, தாத்தா சரி என்றால்தான் படம். தாத்தா சரி என்றார்.

அடுத்த ஐந்து வருடத்தில் அவர் நடித்த படங்களின் இயக்குநர்களைப் பாருங்கள். 1966ல் ப்ரெஸ்ஸோனின் ‘பல்தஸார்’. 1967ல் கொதாரின் ‘லா ஷினுவாஸ்’, அதே ஆண்டு அவரோடு கல்யாணம். 1968ல் பசோலினியின் ‘தெயோரெமா’, 1969ல் அவருடைய ‘போர்ச்சிலே’. நடுவில் மார்க்கோ ஃபெர்ரேரி. ஐரோப்பிய சினிமாவின் பெரிய ஆட்கள் வரிசையாக ஒரே முகத்தைத் தேடி வந்திருக்கிறார்கள். அந்த முகத்துக்கு உரியவள் என்ன நினைத்தாள் என்று அப்போது யாருக்கும் கேட்கத் தோன்றவில்லை. 1988ல், 41வது வயதில், முதல் சிறுகதைத் தொகுப்பைப் போட்டார். 2017 அக்டோபர் 5 அன்று புற்றுநோயில் இறக்கும்வரை எழுதிக்கொண்டே இருந்தார்.

நான் சினிமாப் பக்கம்தான் அறிந்தவன். எழுத்துப் பக்கம் படித்தவர்கள் சொல்லுங்கள்.

ரீல்பெட்டி | வெள்ளி இரவு 11:05

அருமை அண்ணே. கொதாரின் முதல் மனைவிதானே இவர்? நீல ஐ-லைனர், கறுப்பு முடி?

ஓட்டைக்கேமரா | வெள்ளி இரவு 11:09

அது அன்னா கரீனா, தம்பி. முதல் மனைவி அவர். இவர் இரண்டாமவர். மூன்றாவதாகக் கடைசிவரை கூட இருந்தவர் ஆன்-மரி மியேவில். பெயரில் ஆன் இல்லாதவருக்கு அந்த வீட்டில் இடமில்லை போலிருக்கிறது.

மூன்றாம்பத்தி | சனி காலை 7:20

வாழ்த்துப்பா ஆரம்பமாவதற்குள் ஒரு எதிர்ப்பாட்டு.

தாத்தா நோபல்காரர். புருஷன் கொதார். முதல் படம் ப்ரெஸ்ஸோன். இவ்வளவும் கையில் இருந்தால் யார் எழுதினாலும் பதிப்பகம் கதவைத் திறக்கும். ‘ழ்யன் ஃபிய்’ ப்ரெஸ்ஸோனைப் பற்றி, ‘யூன் ஆனே ஸ்த்யூதியூஸ்’ கொதாரைப் பற்றி, ‘அன் ஆன் ஆப்ரே’ மறுபடி கொதாரைப் பற்றி. பெரியவர்கள் பேரைச் சொல்லிப் பிழைப்பு நடத்துவதற்கு இலக்கியம் என்று பெயரா? அதுவும் அட்டையில் ‘நாவல்’ என்று போட்டுக்கொண்டு உள்ளே நிஜப்பெயர்கள். வம்புக்கும் இலக்கியத்துக்கும் நடுவில் ஒரு மேசையைப் போட்டு இரண்டு பக்கமும் சாப்பிடுகிற வேலை.

நடிப்பு என்று பார்த்தாலும் எல்லாப் படத்திலும் ஒரே முகம்தான். அதைப் புகழ ‘மர்மம்’ என்ற சொல்லை எல்லோரும் எடுத்துக்கொள்கிறார்கள்.

பனிக்கால_ரயில் | சனி காலை 9:48

நான் பாரிஸுக்கு வெளியே இருக்கிறேன், ஓய்வுநேரத்தில் பிரெஞ்சில் வாசிக்கிறவள். மூன்றாம்பத்தி அண்ணாவுக்கு முதலில் கணக்கைச் சொல்லிவிடுகிறேன், மற்றதைப் பிறகு பார்ப்போம்.

நீங்கள் சொன்ன மூன்றும் 2007, 2012, 2015ல் வந்தவை. ப்ரெஸ்ஸோனைப் பற்றி எழுதும்போது அவருக்கு வயது 60. அதற்கு முன்னால் 1988 தொடங்கி 2004 வரை எத்தனை புத்தகம்! அவற்றில் கொதாரும் இல்லை, ப்ரெஸ்ஸோனும் இல்லை. நாடக மேடையைக் களமாக வைத்து எழுதிய ‘கானின்’ 1993ல் பள்ளி மாணவர்கள் தேர்ந்தெடுக்கும் கொன்கூர் பரிசை வாங்கியது. நடுவர் குழுவில் தாத்தாவின் நண்பர்கள் யாரும் கிடையாது, லிசே (மேல்நிலைப்பள்ளி) பிள்ளைகள்தான் படித்துப் பார்த்து ஓட்டுப் போடுவார்கள். 1998ல் ‘யூன் புவாஞே த ழான்’. 1917ல் ரஷ்யக் கிராமத்துப் பண்ணை வீட்டில் அப்பாவழிச் சொந்தங்களுக்கு நேர்ந்ததை வைத்துப் பின்னிய கதை. அதற்கு பிரெஞ்சு அகாதமியின் நாவல் பெரும்பரிசு. பெயரை விற்றுப் பிழைக்கிறவர் விலைபோகிற சரக்கை இருபது வருடம் மூட்டையிலேயே கட்டி வைத்திருப்பாரா?

‘ஈம் அ லமூர்’ (1996) என்று ஒன்று. அம்மா இறந்தபிறகு வீட்டை ஒழிக்கப் போன இடத்தில் அப்பா அம்மாவின் பழைய காதல்கள் கையில் கிடைக்கின்றன. பின்னாளில் அதைப் படமாகவும் எடுத்தார்கள். 2004ல் வந்த ‘ழ மாப்பெல் எலிசபெத்’ ஒரு சிறுமியின் கதை, அதுவும் 2006ல் படமானது. இவற்றைப் பற்றி யாரும் பேசுவதில்லை. கொதார் பெயர் வந்த இரண்டு புத்தகத்தைத்தான் ஊரே பேசுகிறது. அது அவர் குற்றமா, ஊரின் குற்றமா?

புதுவை_மழை | சனி காலை 11:30

அக்கா சொன்னதற்கு மேல் ஒன்று. ‘ழ்யன் ஃபிய்’ புத்தகத்தைக் கல்லூரியில் பிரெஞ்சு படித்த காலத்தில் வாசித்தேன். அதற்கு முன்னாலேயே படத்தைப் பார்த்திருந்தேன். புத்தகத்தை முடித்துவிட்டு அன்றிரவே மறுபடி படத்தைப் போட்டேன். முன்பு பார்த்த படம் இல்லை அது.

புத்தகத்தில் வருவது 1965 கோடையில் கியான்கூர் கிராமத்தில் நடந்த படப்பிடிப்பு. இயக்குநரும் அந்தப் பெண்ணும் ஒரே வீட்டில் தங்குகிறார்கள், பக்கத்துப் பக்கத்து அறை. அவருக்கு அறுபது தாண்டிவிட்டது, அவளுக்குப் பதினெட்டு. மற்றவர்களோடு பேச விடமாட்டார். சாப்பாடு தன்னோடு, நடை தன்னோடு. மாலையில் தோட்டத்தில் நடக்கும்போது கையைப் பிடிப்பார், முத்தமிடப் பார்ப்பார். அவள் முகத்தைத் திருப்பிக்கொள்வாள். மறுநாள் காலை கேமரா முன் அதே மனிதர் ஒரு வரியை இருபது முறை சொல்ல வைப்பார், குரலில் உணர்ச்சி வடிந்து வெறும் சத்தம் மிஞ்சும்வரை. வேலையின்போது அவரிடம் அவளுக்கு முழு நம்பிக்கை. அந்த வேலையை அவள் நேசிக்கிறாள். தன் வாழ்க்கை அங்கேதான் தொடங்கியது என்கிறாள். இரண்டையும் ஒரே பக்கத்தில், ஒரே குரலில் எழுதியிருக்கிறார். குற்றப்பத்திரிகையை எதிர்பார்த்து வாசிப்பவருக்கும் ஏமாற்றம், மாமேதை வழிபாட்டுக்கு வந்தவருக்கும் ஏமாற்றம்.

இப்போது படத்தில் ஒரு காட்சி. இரவு, மழை. மாரி (ஆன் நடித்த பாத்திரம்) நனைந்துபோய் அந்தக் கஞ்சத் தானிய வியாபாரியின் வீட்டுக் கதவைத் தட்டுகிறாள். அவன் உள்ளே விடுகிறான். பசிக்கிறது என்கிறாள். ஒரு ஜாம் பாட்டிலைத் தருகிறான். அவள் நின்றவாக்கில் கரண்டியால் அள்ளி அள்ளிச் சாப்பிடுகிறாள், கிழவன் பார்த்துக்கொண்டே இருக்கிறான். கையை நீட்டித் தொடப் போகும்போது பட்டென்று தட்டிவிடுகிறாள். தட்டிவிட்டு மறுபடி ஜாம். முதல் தடவை பார்த்தபோது இது ஏதோ குறியீடு என்று நினைத்தேன். புத்தகம் வாசித்தபின் அந்தத் தட்டில் எத்தனை மாலைநேரத் தோட்ட நடை இருக்கிறது என்று தோன்றியது. அந்த ஒரு அடிக்கு மட்டும் ‘உணர்ச்சி வேண்டாம்’ என்று அவர் சொல்லியிருக்க மாட்டார். சொல்லியிருந்தாலும் அவள் கேட்டிருக்க மாட்டாள்.

ஓட்டைக்கேமரா | சனி மதியம் 12:10

அந்தக் கஞ்சனாக வருபவர் பியேர் க்ளொசோவ்ஸ்கி. தத்துவ எழுத்தாளர், ஓவியர் பால்த்யூஸின் அண்ணன். படம் முழுக்க இப்படித்தான், தொழில்முறை நடிகர் யாரும் கிடையாது.

மூன்றாம்பத்தி | சனி மதியம் 1:02

புத்தகக் கணக்கில் தோற்றேன், ஒப்புக்கொள்கிறேன். 1998 பரிசு எனக்குத் தெரியாது.

ஆனால் நாவல் என்ற முத்திரை பற்றிய கேள்வியை யாரும் தொடவில்லை. நாற்பது வருடத்துக்கு முன் ஒரு தோட்டத்தில் யார் என்ன பேசினார்கள் என்று மேற்கோள்குறிக்குள் எப்படி எழுத முடியும்? ப்ரெஸ்ஸோன் 1999லேயே இறந்துவிட்டார். பதில் சொல்ல ஆள் இல்லை.

பனிக்கால_ரயில் | சனி மதியம் 3:15

நல்ல கேள்வி. ‘நாவல்’ என்று போட்டதே அந்த நேர்மைக்காகத்தான் என்று நான் வாசிக்கிறேன். நினைவில் இருப்பது காட்சியும் வெளிச்சமும் கூச்சமும்தான். பேச்சை அவர் இட்டுக்கட்ட வேண்டியிருந்தது. இட்டுக்கட்டியதை வாழ்க்கை வரலாறு என்று விற்காமல் நாவல் என்று போட்டுவிட்டார். பெயரை மாற்றி, ‘ஒரு பிரபல இயக்குநர்’ என்று எழுதியிருந்தால் உங்களுக்குத் திருப்தியா? அதுதான் உண்மையில் வம்பு. வாசகன் உட்கார்ந்து யார் யார் என்று ஊகித்துக்கொண்டிருப்பான்.

இன்னொன்று. இவருடைய நடையை நீங்கள் வாசித்துப் பார்க்கவேண்டும். சின்னச் சின்ன வாக்கியம். உவமை ஏறக்குறைய இல்லை. ‘எனக்கு அழுகை வந்தது’ என்பதையும் ‘மழை நின்றது’ என்பதையும் ஒரே தொனியில் சொல்வார். எங்கே கற்றார்? ஒரு வரியை இருபது முறை சொல்ல வைத்து உணர்ச்சியை வடிகட்டிய ஆளிடம்தான். இது என் ஊகம், ஆனால் படத்தையும் புத்தகத்தையும் அடுத்தடுத்து எடுத்தால் காதில் விழும்.

ஃப்ளோரான்ஸ் டுலே பற்றி மேலே வந்தது. அவரும் எழுத்தாளர். 2000ல் பிரெஞ்சு அகாதமிக்கே தேர்வானார். ப்ரெஸ்ஸோனின் இரண்டு ‘மாடல்’கள் அகாதமி வாசலில்! வாயைத் திறக்காதே என்று பழக்கிய பெண்கள்.

போன வருடம் வேலை விஷயமாக கியான்கூர் பக்கம் போனேன். அந்தக் கோடையின் வயல்காட்டை மனதில் வைத்துக்கொண்டு போனவளுக்குப் பெரிய அடி. புறநகர்க் குடியிருப்புகள், ரெனோ கார் நிறுவனத்தின் மாபெரும் ஆராய்ச்சி வளாகம், வட்டச் சாலைச் சந்திகள். தேவாலயத்தைச் சுற்றிப் பழைய கிராமத்தின் ஒரு துண்டு மிச்சமிருக்கிறது. அங்கே ஐந்து நிமிடம் நின்றேன். நாய் ஒன்று குரைத்தது, கிளம்பிவிட்டேன்.

கதவு_திறந்திருக்கு | சனி மாலை 6:40

கொதார் பகுதிக்கு வருவோமா? ‘யூன் ஆனே ஸ்த்யூதியூஸ்’ எனக்கு மிகவும் பிடித்த புத்தகம், ஏனென்றால் அது பாதி பரீட்சைக் கதை.

1966 கோடை. ஆனுக்கு பாக் (பள்ளி இறுதி) பரீட்சையில் வாய்மொழித் தேர்வில் போச்சு. செப்டம்பரில் மறுபடி எழுதவேண்டும். அந்த ஜூனில்தான் கொதாருக்குக் கடிதம் எழுதுகிறார். ‘மாஸ்குலன் ஃபெமினன்’ படம் பிடித்திருந்தது, அதை எடுத்த ஆளையும் பிடித்திருந்தது. முகவரி தெரியாததால் ‘காயே து சினெமா’ பத்திரிகைக்கே அனுப்பிவிட்டார். கொதாரை அதற்கு முன்னால் பல்தஸார் படப்பிடிப்பில் ஒரு தடவை பார்த்திருக்கிறார், அப்போது பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. கடிதம் கிடைத்ததும் அந்த மனிதர் தேடிக்கொண்டு வந்துவிட்டார். அவருக்கு 35, இவருக்கு 19.

தத்துவப் பாடத்துக்கு ட்யூஷன் வைக்க வேண்டும். கல்லிமார் பதிப்பகத்து விருந்தில் ஃப்ரான்சிஸ் ஜான்ஸோனைப் பார்த்துத் தானே போய்க் கேட்கிறார். ஜான்ஸோன் சாதாரண வாத்தியார் இல்லை. அல்ஜீரியப் போரில் விடுதலைப் படைக்குப் பணம் கடத்திக் கொடுத்த வலைப்பின்னலை நடத்தியவர், 1960ல் தலைமறைவாக இருந்தபடியே தண்டனை பெற்றவர். இவரோ பரீட்சைக்கு ட்யூஷன் கேட்கிறார், அவரும் சரி என்கிறார். எனக்கு அந்தத் தைரியம் ரொம்பப் பிடித்தது.

அப்புறம் ‘லா ஷினுவாஸ்’. மாவோ வெறி பிடித்த நான்த்தேர் பல்கலைக்கழக மாணவி வெரோனிக்காக ஆன். நிஜத்திலும் அவர் அப்போது நான்த்தேரில் படிக்கப் போயிருந்தார். படப்பிடிப்பு மிரோமெனில் தெருவில் அவர்கள் குடியிருந்த அதே வீட்டில், அலமாரி நிறையச் சிவப்புப் புத்தகம். ரயில் காட்சி நினைவிருக்கிறதா? வெரோனிக் பல்கலைக்கழகங்களைக் குண்டு வைத்து மூடவேண்டும் என்கிறாள், எதிரே உட்கார்ந்து அமைதியாக மறுப்பவர் ஜான்ஸோன். அதே ட்யூஷன் வாத்தியார்! அவர் தன் சொந்தப் பேச்சைப் பேசுகிறார். அவளுக்கோ காதில் ஒரு சின்னக் கருவி, அதில் கொதார் ஒவ்வொரு வரியாகச் சொல்லச் சொல்ல அவள் சொல்கிறாள்.

இதைத் தெரிந்துகொண்டு பாருங்கள். அவள் சில இடத்தில் ஒரு கணம் தயங்குவது யோசனை மாதிரி இருக்கும். காதில் அடுத்த வரி வரக் காத்திருக்கிறாள்.

ரீல்பெட்டி | சனி மாலை 7:05

அடப்பாவமே. நான் அந்தத் தயக்கத்தைப் பற்றி அரைப்பக்கம் எழுதியிருக்கிறேன், ‘கருத்தியலின் தடுமாற்றம்’ என்று தலைப்பு வேறு. எங்கே என்று யாரும் கேட்காதீர்கள்.

புதுவை_மழை | சனி மாலை 7:31

தம்பி, அழித்துவிடாதீர்கள். அதுவும் ஒரு வாசிப்புதான் :)

கல்யாணம் எப்படி நடந்தது என்பதையும் சொல்லுங்கள். மைனர் பெண் என்பதால் கொதார் முறைப்படி மோரியாக்கிடம் சம்மதம் கேட்கப் போகிற இடம். திரையில் புரட்சி, வீட்டில் பெண் கேட்டுப் போவது.

கதவு_திறந்திருக்கு | சனி மாலை 7:50

ஆமாம். ஒரு பக்கம் கத்தோலிக்க நாவலாசிரியர், அன்றைய பிரெஞ்சு அதிபர் த கோலின் தீவிர ஆதரவாளர். மறுபக்கம் மாவோயிஸம் பேசத் தொடங்கியிருந்த இயக்குநர். இரண்டு பேருக்கும் நடுவில் இந்தப் பெண். 1967 ஜூலையில் சுவிட்சர்லாந்தில் பெஞ்ஞேன் என்ற சிற்றூரில் கல்யாணம். ஆகஸ்டில் அவிஞ்ஞோன் போப் அரண்மனை முற்றத்தில் படம் காட்டினார்கள். தேனிலவு என்று தனியாக ஒன்று இருந்ததாகத் தெரியவில்லை, அந்த மனிதருக்கு எல்லாமே வேலைதான்.

நடுவர் | சனி இரவு 8:15

ஒரு சின்ன வேண்டுகோள். ‘லா ஷினுவாஸ்’ முடிவை யாரும் உடைத்துவிடாதீர்கள். அடுத்த மாதம் குழுவாகப் பார்க்கப் போகிறோம். ஹோட்டல் அறை எண் பற்றி எழுதியிருந்த ஒரு பதிவை மறைத்திருக்கிறேன்.

வெட்டும்_கத்தரி | சனி இரவு 9:20

நான் எடிட்டிங் வேலை செய்கிறவன். முகத்தைப் பற்றி மூன்றாம்பத்தி சொன்னதற்கு என் பதில்.

‘தெயோரெமா’வில் அவர் மிலான் தொழிலதிபரின் மகள் ஒதெத்தா. வீட்டுக்கு வந்த விருந்தாளி (டெரன்ஸ் ஸ்டாம்ப்) போனபிறகு அந்தக் குடும்பத்தில் ஒவ்வொருவரும் ஒருவிதமாகச் சிதைகிறார்கள். அம்மா ஆண்களைத் தேடி அலைகிறாள், அண்ணன் ஓவியம் தீட்டுகிறான், வேலைக்காரி புனிதையாகிறாள், அப்பா தொழிற்சாலையைத் தொழிலாளர்களிடம் விட்டுவிட்டு அம்மணமாகப் பாலைவனத்தில் நடக்கிறார். பெரிய பெரிய வேலைகள். ஒதெத்தா செய்வது ஒன்றே ஒன்று. கட்டிலில் படுத்து, கையை முஷ்டியாக மூடிக்கொள்கிறாள். கண் திறந்தே இருக்கிறது. யாராலும் அந்த விரல்களைப் பிரிக்க முடியவில்லை. தூக்கிக்கொண்டு போகிறார்கள். அவ்வளவுதான், கதையில் அதன்பின் அவள் இல்லை.

முகத்தில் ஒன்றும் நடக்காமல், ஒரு முஷ்டியால் ஒரு காட்சியைத் தாங்கவேண்டும். வெட்டும் மேசையில் உட்கார்ந்தவனுக்குத் தெரியும், முகத்தில் ‘நடித்துக்கொண்டே’ இருப்பவரை வைத்து இந்த ஷாட்டை நீளமாக விடமுடியாது. எங்கே வெட்டலாம் என்று கை அரிக்கும். இவர் ஷாட்டில் கை அரிக்காது.

ஆனால் 1968ல் கொதார் ரோலிங் ஸ்டோன்ஸ் இசைக்குழுவை வைத்து எடுத்த ‘ஒன் ப்ளஸ் ஒன்’ எனக்கு எரிச்சல். அதில் அவர் பாத்திரத்தின் பெயரே ஈவ் டெமாக்ரசி. காட்டுக்குள் நடந்துகொண்டே இருப்பாள், பின்னாலேயே தொலைக்காட்சிக்காரர்கள் நீளநீளமாகக் கேள்வி கேட்பார்கள். அவள் ‘ஆம்’ அல்லது ‘இல்லை’ என்று மட்டும் சொல்லலாம். ஜனநாயகம் என்றால் அவ்வளவுதான் என்று கொதார் கிண்டல் செய்கிறார், சரி. ஆனால் கட்டிய மனைவியை அதற்கா நிற்க வைப்பது?

மூன்றாம்பத்தி | சனி இரவு 9:44

ஆம். (முஷ்டிக்கு.)

இல்லை. (மற்றதை நாளை சொல்கிறேன்.)

பனிக்கால_ரயில் | ஞாயிறு காலை 10:05

மூன்றாம்பத்தி அண்ணா எழும்புவதற்குள் ‘அன் ஆன் ஆப்ரே’ பற்றிச் சொல்லிவிடுகிறேன். சேன் ஆற்றங்கரைப் பழைய புத்தகப் பெட்டிக்காரரிடம் இரண்டு யூரோவுக்கு வாங்கினேன், வெள்ளை முதுகு ஃபோலியோ பதிப்பு. முன்பு வைத்திருந்தவர் பென்சிலால் ஒரே ஒரு வரியை அடிக்கோடிட்டு, பிறகு அழித்திருக்கிறார். என்ன வரி என்று மட்டும் தெரிகிறது. கொதார் தன்னைப் பார்க்காமல் கூட்டத்தைப் பார்க்கத் தொடங்கிவிட்டார் என்கிற பொருளில் வருகிற இடம்.

1968 மே மாதம். அவர்கள் வீடு சேன்-ழாக் தெருவில், மாணவர் கலவரத்தின் நட்டநடுவில். வெளியே கல் பறக்கிறது, கண்ணீர்ப்புகை. கொதாருக்கு எல்லாவற்றையும் விட்டுவிட்டுப் புரட்சியில் கரைந்துபோகவேண்டும். இனிமேல் சாதாரண சினிமா கிடையாது என்கிறார், பழைய நண்பர்களை ஒவ்வொருவராக வெட்டிவிடுகிறார். அவளுக்கு 21 ஆகிறது. ரோலர் ஸ்கேட் போட்டுக்கொண்டு பாரிஸ் தெருவில் சுற்றப் பிடிக்கிறது. பசோலினி, ஃபெர்ரேரி கூப்பிட்டால் போய் நடிக்கப் பிடிக்கிறது. கொதாருக்குப் பொறாமை. 1970ல் பிரிந்தார்கள், சட்டப்படி விவாகரத்து 1979ல்.

சோகக் கதைபோல் சொல்லிவிட்டேன். ஆனால் புத்தகம் முழுக்கச் சிரிப்பு. இயக்குநர் மிஷெல் அசனாவிசியுஸ் படமாக்க உரிமை கேட்டபோது ஆன் தரமாட்டேன் என்றாராம். போனை வைக்கப் போகும்போது இயக்குநர், பாவம், எனக்கு உங்கள் புத்தகம் வேடிக்கையாக இருந்ததே என்றிருக்கிறார். எனக்கும் அப்படித்தான் என்று சொல்லி, அங்கிருந்து மனம் மாறினாராம். அந்தப் படம் ‘ல ரதூதாப்ல்’, 2017 கான் திரைப்பட விழாவின் போட்டிப்பிரிவில் வந்தது. லூயி கர்ரெல் கொதாராக, ஸ்டேஸி மார்ட்டின் ஆனாக. நான்கைந்து மாதத்தில் ஆன் இறந்துவிட்டார்.

லூயி கர்ரெலின் அப்பா ஃபிலிப் கர்ரெலின் ‘லான்ஃபான் சக்ரே’ படத்திலும் ஆன்தான் நாயகி. 1979ல் எடுத்து 1982ல் வெளிவந்த படம். அப்பாவின் நாயகி எழுதிய புத்தகத்திலிருந்து வந்த படத்தில் மகன் அவருடைய கணவராக நடிக்கிறார். பிரெஞ்சு சினிமா ஒரு தெரு அளவுதான்.

மூன்றாம்பத்தி | ஞாயிறு மதியம் 12:20

எழுந்துவிட்டேன், தங்கச்சி.

அந்தப் படத்தைப் பார்த்திருக்கிறேன். கூட்டத்தில் கொதாரின் கண்ணாடி திரும்பத் திரும்ப உடைகிற நகைச்சுவை நன்றாகத்தான் இருந்தது. ஆனால் எனக்கு உறுத்தியது வேறு. புத்தகத்தை எழுதியவள் அவள், பார்க்கிற கண் அவளுடையது. படத்தில் பாருங்கள், பேசுகிறவர் அவர், கேமரா அவர் பின்னால். அவள் அழகாக, மௌனமாக ஓரத்தில் நிற்கிறாள். பாதி நேரம் உடுப்பில்லாமல். 27 வருடம் எழுதி வாங்கிய குரலை ஒரு படம் மறுபடியும் ‘மாடல்’ ஆக்கிவிட்டது.

நான் தாக்க வந்தவன், இப்போது அவருக்காக வக்காலத்து வாங்கிக்கொண்டிருக்கிறேன். இந்தக் குழுவில் இதுதான் பிரச்சினை.

புதுவை_மழை | ஞாயிறு மதியம் 12:41

ஸ்க்ரீன்ஷாட் எடுத்து வைத்துக்கொண்டேன் சார்.

வெட்டும்_கத்தரி | ஞாயிறு மதியம் 1:30

திரைக்கதையும் எழுதியிருக்கிறார் என்பது விட்டுப்போயிற்று. இயக்குநர் கிளேர் டெனியின் ‘யு.எஸ். கோ ஹோம்’, 1994. ஆர்ட்டே தொலைக்காட்சிக்காக எடுத்தது, ஒரு மணிநேரப் படம். டெனியும் இவரும் சேர்ந்து எழுதியது. அறுபதுகளில் அமெரிக்கப் படைமுகாம் பக்கத்தில் வளரும் அண்ணன் தங்கை, ஒரு சனிக்கிழமை இரவு விருந்து. அதில் அண்ணன் தனியாக அறையில் ஒரு முழுப் பாட்டுக்கும் ஆடுவான் பாருங்கள், வெட்டே இல்லாமல்! பதினெட்டு வயதில் ஒரு வீட்டுக்குள் அடைபட்டிருப்பதன் தவிப்பு தெரிந்தவர் எழுதியது என்று இந்த இழையைப் படித்தபின் தோன்றுகிறது.

பின்னால் ஆவணப்படங்களும் எடுத்தார். ஒன்று ப்ரெஸ்ஸோனின் முதல் முழுநீளப் படம் 1943ல் எப்படி உருவானது என்பதைப் பற்றி, இன்னொன்று நடிகை டானியல் டாரியூ பற்றி.

ரீல்பெட்டி | ஞாயிறு மாலை 4:10

பிரெஞ்சு தெரியாதவன் எங்கே தொடங்குவது?

பனிக்கால_ரயில் | ஞாயிறு மாலை 4:45

ஆங்கிலத்தில் ‘மை பெர்லின் சைல்டு’ இருக்கிறது தம்பி. அம்மா க்ளேர் செஞ்சிலுவை வண்டி ஓட்டிக்கொண்டு இடிந்த பெர்லினுக்குப் போய், அங்கே அப்பாவைச் சந்தித்து, இவர் பிறக்கும்வரை. அம்மாவின் கடிதங்கள், நாட்குறிப்புகளை வைத்து எழுதியது. கொதார் வாடையே கிடையாது.

பிரெஞ்சு கொஞ்சம் வந்தால் கடைசிப் புத்தகம் ‘அன் சேன்ட் ஓம்’, 2017ல் வந்தது. காரகாஸ் பள்ளியில் தனக்கு பிரெஞ்சு சொல்லிக்கொடுத்த பாதிரியார் பற்றி. நீ எழுதுவாய் என்று சிறுமியிடம் சொன்னவர் அவர்தான். முதல் புத்தகம் வந்ததும் இவரைத் தேடிக்கொண்டு வந்துவிட்டார், பிறகு சாகும்வரை நட்பு. பேர்போன ஆட்களைப் பற்றியெல்லாம் எழுதி முடித்துவிட்டு, கடைசியாக எடுத்துக்கொண்டது யாரும் கேள்விப்படாத ஒரு பள்ளி வாத்தியாரை.

கீரைக்கட்டு | ஞாயிறு இரவு 9:15

வணக்கம். போன வாரம் அந்தக் கேள்வியைக் கேட்டது நான்தான். இவ்வளவு நடந்திருப்பது இப்போதுதான் தெரிந்தது, எல்லோருக்கும் நன்றி.

ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். அது என் கேள்வியே இல்லை. அன்று நான் படம் பார்த்துக்கொண்டிருந்தபோது அம்மா பக்கத்தில் உட்கார்ந்து முருங்கைக்கீரை ஆய்ந்துகொண்டிருந்தார். கடைசியில் மாரியின் அம்மா, அவள் போய்விட்டாள், இனி வரமாட்டாள் என்று சொல்வார் இல்லையா, சப்டைட்டிலைப் படித்துச் சொன்னேன். “எங்க போனா? அந்தப் பொண்ணு அப்புறம் என்ன ஆனா?” என்று கேட்டது அம்மா. கதையில் வரும் மாரியைத்தான் கேட்டார். நான் அதை அப்படியே இங்கே தட்டிவிட்டேன், நீங்கள் நடிகையைப் பற்றி எழுதிவிட்டீர்கள்.

இன்றைக்கு இழை முழுவதையும் அம்மாவுக்கு வாசித்துக் காட்டினேன். பெர்லின், தாத்தா, கொதார், முஷ்டி, பரிசு எல்லாம். கவனமாகக் கேட்டார். கொதார் பெண் கேட்டுப் போன இடத்தில் சிரித்தார். தோட்டத்து நடை வந்தபோது கையில் இருந்த கீரைக்காம்பை ஒடித்துப் போட்டார், ஒன்றும் சொல்லவில்லை. முடிந்ததும் கேட்டார்:

“சரி, அந்தக் கிழவன் குடுத்த ஜாமை முழுசாத் தின்னாளா, இல்ல பாதியிலயே எழுந்திரிச்சுப் போயிட்டாளா? எனக்கு அந்த இடம் சரியாப் பாக்கல, குக்கர் விசில் அடிச்சிடுச்சு.”

இப்போது படத்தை மறுபடி போட்டிருக்கிறோம். மழை இன்னும் தொடங்கவில்லை.